படத்தின் ஓரத்தில் ஒரு ரூபாய்

படப் பிரிவில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களில் ஒருவர் போன வாரம் என்னைத் தொலைபேசியில் கூப்பிட்டார். "மேடம், நம்ம கடைல எல்லாப் படத்துலயும் ஓரத்துல ஒரு பழைய ஒத்த ரூவா கெடக்கு. பாக்க ஒரு மாதிரி இருக்கு. நிரல்ல நாலு வரி சேத்தா எல்லாத்தயும் எடுத்துரலாம். எடுக்கட்டா?" என்று கேட்டார். பெயரைச் சொல்ல மாட்டேன், பயப்பட வேண்டாம். அவர் எடுப்பதற்கு முன்னால் கேட்டார். நான் என் காலத்தில் யாரையும் கேட்காமலே எடுத்துவிட்டேன்.

அவருக்கு ஒரே சொல்லில் பதில் சொல்லியிருக்கலாம். ஆனால் ஓய்வு பெற்றவளிடம் வாயைக் கொடுத்தால் ஒரே சொல்லோடு போக முடியுமா? உட்காருங்கள். கோப்பு வகை, கட்டளை, சேவையகம் எல்லாம் உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். அவற்றைப் பற்றி நான் பேசப்போவதில்லை.

நான் வேலைக்குச் சேர்ந்தபோது நம் கடை கேரள எல்லையோரம் பாறசாலையில் ஒரு கயிற்றுக் கிட்டங்கியின் மாடியில் இருந்தது. அப்போதும் இதே வியாபாரம்தான். மீன்பிடி வள்ளங்களில் மாட்டும் என்ஜின்களுக்கு உதிரிப் பாகங்களை இணையத்தில் விற்றோம். பொழியூரிலிருந்து எல்லை தாண்டி நீரோடி, தூத்தூர் வரை நமக்கு ஆட்கள் உண்டு. அதற்கு முன் நான் ஒற்றசேகரமங்கலத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுத்தவள். அதனால் கடையிலும் எல்லோருக்கும் டீச்சர்தான். அந்தப் பெயர் என் தலைக்குக் கொஞ்சம் ஏறியும் இருந்தது.

படம் எடுப்பது லில்லி. காரோடு ஊர்க்காரி, என்னைவிடப் பதினைந்து வயது இளையவள், மிஷன் சபைக் குடும்பம். கல்யாண ஸ்டூடியோவில் ஆல்பம் ஒட்டிக்கொண்டிருந்தவள், கேமரா பிடிக்கத் தானாகவே கற்றுக்கொண்டாள். ஒவ்வொரு பாகத்தையும் வெள்ளைச் சார்ட் தாளில் வைப்பாள், பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயத்தை வைப்பாள், எடுப்பாள். அதுவும் எந்த நாணயமாவது அல்ல. கட்டைவிரலை உயர்த்திக் காட்டும் கை அச்சடித்த அந்தப் பழைய பெரிய நாணயம் மட்டும்தான். அதைத் தன் பையில் தனியாக ஒரு துணியில் சுற்றி வைத்திருந்தாள். அப்போது அது எனக்கு வேடிக்கையாக இருந்தது.

படங்கள் அழகாகத்தான் இருந்தன, ஆனால் கனம். கடற்கரையில் சிக்னல் எப்படி வரும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டாம். ஒரு நாள் ஒருவர் கூப்பிட்டு, "டீச்சரே, உங்க படம் தொறந்து வாறதுக்குள்ள எனக்க வள்ளம் கடலுக்குப் போயிட்டுத் திரும்பி வந்துரும்" என்றார். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. வெப்-பி, ஏவிஃப் என்று புதிய பட வகைகளைப் பற்றி எல்லோரும் பேசத் தொடங்கியிருந்த நேரம். லில்லி படத்தை ஏற்றினால் போதும், மற்றது எல்லாம் தானாக நடக்கிற மாதிரி ஒரு நிரல் எழுதினேன். புதிய வகையில் ஒன்று, பழைய போன்களுக்குப் பழைய வகையில் ஒன்று, சின்னத் திரைக்கு ஒன்று, பெரிய திரைக்கு ஒன்று.

முதல் படத்தை அதில் போட்டுப் பார்த்த அந்த மதியம் இன்னும் என் கண்ணில் நிற்கிறது. பழைய கோப்பையும் புதிய கோப்பையும் அருகருகே திறந்தேன். ரப்பரின் சுருக்கம், இரும்பில் இருந்த கீறல், சார்ட்டின் நெளிவு எல்லாம் அப்படியே இருந்தன. கனம் மட்டும் எங்கோ போய்விட்டது. ஒரு மூட்டை அரிசியைத் தீப்பெட்டிக்குள் அடைத்து, பிறகு திறந்து கொட்டினால் ஒரு மணிகூடக் குறையாத மாதிரி. இதை எழுதியவள் நான்தான், இருந்தும் நம்ப முடியவில்லை. யாரோ எங்கோ உட்கார்ந்து கண்ணுக்கு எது தேவை, எது தேவையில்லை என்று இவ்வளவு நுட்பமாகக் கணக்குப் போட்டிருக்கிறார்களே என்று பிரமித்தேன். கண்கூடக் கலங்கியது. நீங்கள் தினமும் இதைச் செய்கிறீர்கள். வருடத்துக்கு ஒரு தடவையாவது நின்று ஆச்சரியப்படுங்கள்.

அதோடு நான் நிறுத்தியிருக்கலாம். சும்மா இருக்க முடியவில்லை. படங்கள் எல்லாம் ஒரே மாதிரி பளிச்சென்று நிற்க வேண்டும் என்று இன்னும் ஒரு வேலையைச் சேர்த்தேன். சுற்றியிருக்கும் வெள்ளையை வெட்டு, பொருளைப் படச் சட்டம் நிறையப் பெரிதாக்கு. எது பொருள் என்று நிரலுக்கு எப்படித் தெரியும்? படத்தில் பெரியது எதுவோ அதுதான் பொருள் என்று சொல்லிக்கொடுத்தேன். விளைவு என்ன தெரியுமா? விரல்நுனி அளவு இரும்புப் பின் ஒன்று இருந்தது. அதன் பக்கத்தில் பெரியது நாணயம்தான். நிரல் பின்னைத் தூக்கி எறிந்துவிட்டு நாணயத்தைச் சட்டம் நிறைய நிறுத்தியது. இரண்டு நாள் நம் கடை ஒரு ரூபாயை விற்பனைக்கு வைத்திருந்தது.

எல்லோரும் சிரித்தார்கள். நான் சிரிக்கவில்லை. நிரலை நானே எழுதியதால் எனக்கு அதன் மேல் கோபம் வரவில்லை, நாணயத்தின் மேல்தான் வந்தது. அந்த நாணயத்தை அடையாளம் கண்டு முதலில் அதை அழிக்கும்படி நிரலைத் திருத்தினேன்.

லில்லி என் மேசைக்கு வந்தாள். "டீச்சரே, அந்தக் காசு அங்க கெடந்துட்டுப் போட்டும். போன்ல கூப்புடுதவங்க அதக் கேக்குதாவ."

"எதுக்காம்?"

"எதுக்குன்னு தெரியாது. காசு வச்ச படம் உண்டுமான்னு கேக்குதாவ. அவ்வளவுதான்."

"லில்லி, நாம சாமானை விக்கோமா, காசை விக்கோமா?"

அவள் மறுநாளும் ஒரு தடவை வந்து சொன்னாள். அதன் பிறகு சொல்லவில்லை. ஆனால் நாணயத்தை வைத்துப் படம் எடுப்பதையும் நிறுத்தவில்லை. அவள் வைப்பாள், என் நிரல் அழிக்கும். கடையில் இருந்த பழைய படங்களையும் அதே நிரலில் போட்டு மாற்றினேன். இதில் இன்னொரு தப்பையும் செய்தேன். இடம் மிச்சமாகட்டும் என்று, மாற்றி முடித்ததும் மூலப் படத்தைச் சேவையகத்திலிருந்து நீக்கிவிட நிரலுக்குச் சொல்லியிருந்தேன், கேமராவில் இருப்பதையும் அழித்துவிட லில்லியிடம் சொல்லியிருந்தேன்.

பக்கங்கள் கண்ணிமைக்கும் நேரத்தில் திறந்தன. முதலாளி என் தோளில் தட்டாத குறைதான். மூன்று வாரம் நான் தரையில் நடக்கவில்லை.

நாலாவது வாரம் ஒரு நாள் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒருவர் மாடியேறி வந்தார். ஐம்பது வயதிருக்கும். கண் சிவந்திருந்தது, சட்டையில் உப்பு காய்ந்திருந்தது. பொழியூர் சூசை என்றார். செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே வந்து என் மேசையில் ஒரு ரப்பர் சக்கரத்தை வைத்தார். இம்பெல்லர் என்று நம் பட்டியலில் பார்க்கிறீர்களே, அதுதான். என்ஜினுக்குள் ஓர் உலோகக் கிண்ணத்தில் உட்கார்ந்து சுழன்று, கடல் தண்ணீரை இழுத்து என்ஜினைக் குளிர்விக்கும். அது கிண்ணத்தில் இறுக்கிப் பிடித்து உட்கார வேண்டும். இல்லாவிட்டால் தண்ணீர் ஏறாது.

"இது உங்க கடைல வாங்கினது ஆக்கும்" என்றார். "நேத்து மத்தியானம் மூணு மணிக்குக் கடல்ல எறங்கினோம். கர மறஞ்ச பொறவு என்ஜின் சூடாகி நின்னு போச்சு. நாங்க நாலு பேரு. காத்து எங்கெல்லாமோ தள்ளிச்சு. விடியக்காலம் ஒரு வள்ளக்காரன் கண்டு, கயிறு போட்டு இழுத்துட்டு வந்தான். மெக்கானிக்கு கழத்திப் பாத்தாரு. சக்கரம் சின்னது."

அவர் சத்தம் போடவில்லை. அதுவே எனக்குப் பயமாக இருந்தது. பயந்தவர்கள் செய்வதைத்தான் நானும் செய்தேன். அவருடைய ஆர்டரைத் திறந்து காட்டினேன். "அண்ணா, நீங்க சின்னதத்தானே கேட்டிருக்கிய. பக்கத்துல அளவும் போட்டிருக்கே."

"போட்டிருக்கு. எனக்க என்ஜின் நாலு கை மாறி வந்தது. அதுல உள்ள நம்பரையெல்லாம் உப்பு தின்னுட்டு. நான் எந்த நம்பர வச்சுப் பாக்கது?"

"பின்ன இவ்வளவு நாளும் எப்படி வாங்கினிய?"

"காசு வச்சுத்தான்" என்றார், இதுகூடத் தெரியாதா என்கிற முகத்தோடு.

போனை எடுத்தார். போன வருடம் வாங்கிய ஒரு சக்கரத்தின் படத்தைச் சேமித்து வைத்திருந்தார், லில்லி எடுத்த படம், ஓரத்தில் நாணயத்தோடு. சட்டைப் பையிலிருந்து அதே கட்டைவிரல் நாணயம் ஒன்றை எடுத்தார். திரையில் இருக்கும் நாணயத்தின் மேல் இந்த நாணயத்தை வைத்தார். இரண்டு விரலால் படத்தை விரித்தார், கொஞ்சம் சுருக்கினார், மறுபடி விரித்தார். படத்தில் இருக்கும் நாணயம் கையில் இருக்கும் நாணயத்துக்கு அடியில் முழுதாக மறைந்ததும் நிறுத்தினார். "இப்பம் இந்தச் சக்கரம் எவ்வளவு பெருசோ, படமும் அவ்வளவு பெருசு" என்றார். பிறகு மடியிலிருந்து தன் என்ஜினின் உலோகக் கிண்ணத்தை எடுத்துத் திரையில் இருந்த சக்கரத்தின் மேல் கவிழ்த்தார். கிண்ணத்தின் விளிம்புக்கு வெளியே சுற்றிலும் ரப்பர் ஒரு நூல் அளவு தெரிந்தது. "இவ்வளவு வெளிய தெரிஞ்சா இறுக்கிப் பிடிக்கும். இது பாத்துதான் வாங்குவோம்."

என் பக்கத்தில் லில்லி வாயில் கை வைத்துக்கொண்டு நின்றாள். அவளுக்கும் இது தெரியாது. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. இருபது வருடம் நான் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுத்தவள். ஒரு படத்தை இப்படிப் பயன்படுத்தலாம் என்று எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. என்ஜினில் எண் இல்லை, கையில் அளவுகோல் இல்லை. ஒரு நாணயத்தையும் ஒரு போனையும் வைத்து ஒரு கடற்கரையே தனக்கு வேண்டிய கருவியைச் செய்துகொண்டிருக்கிறது. முதலில் யார் கண்டுபிடித்தது என்று கேட்டேன். சூசை யோசித்துப் பார்த்தார். "அது... எல்லாரும் அப்படித்தான் டீச்சரே. எல்லா வள்ளத்துப் பெட்டியிலயும் இந்தக் காசு ஒண்ணு கெடக்கும்."

"இந்தத் தடவ படத்துல காசு இல்ல" என்றார் பிறகு. "கண்ணளவுல எடுத்தேன். மாட்டும்போது கொஞ்சம் லூசா இருந்துச்சு. கைக்குச் சந்தேகம்தான். கரைல ஓட்டிப் பாத்தப்பம் தண்ணி வந்துச்சு. உங்க படம் இதுவர தப்பினதில்லையே, புது ரப்பரு ஊறினா சரியாகும்னு விட்டுட்டேன்."

எங்கள் படம் தப்பினதில்லை என்ற அந்த வாக்கியமே எனக்குப் போதுமாக இருந்தது. என் கையால் இரண்டு சக்கரங்களின் பக்கங்களையும் திறந்தேன், சின்னதும் பெரியதும். என் நிரல் இரண்டையும் சட்டம் நிறையப் பெரிதாக்கியிருந்தது. அருகருகே வைத்தால் ஒன்றுக்கொன்று ஒரு மயிரிழை வித்தியாசம் இல்லை. அழகான, கனமில்லாத, பளிச்சென்ற இரண்டு பொய்கள்.

சூசை அதையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் முகம் மாறியது. "அப்பம் அந்தோணி வாங்கினது?"

அந்தோணி அவருடைய தம்பி. ஒரே மாதிரி என்ஜின், அண்ணன் வாங்குகிற கடையில் வாங்குவான். லில்லி ஆர்டரைத் தேடினாள். சின்னது. நேற்றுக் கையில் கிடைத்திருக்கிறது. இன்று மூன்று மணிக்கு மூன்று பேரோடு கடலில் இறங்குகிறான் என்றார் சூசை. அப்போது மணி இரண்டே கால்.

சூசை கூப்பிட்டார். மணி அடித்துக்கொண்டே இருந்தது. "போன வீட்டுல வச்சிட்டுத்தான் போவான். உப்புத்தண்ணி பட்டா கெட்டுப்போகும். அவனுக்க பெண்ணாட்டி இந்நேரம் சந்தையில இருப்பா." இன்னும் இரண்டு பேரைக் கூப்பிட்டார், எடுக்கவில்லை. கடைசியில் கடற்கரைச் சர்ச்சின் உபதேசியார் எடுத்தார். சர்ச் மைக் அவர் பொறுப்பில்தான் இருக்கிறது. கடலில் காற்று மாறினாலும், வள்ளம் வரத் தாமதமானாலும், யாராவது இறந்தாலும் அந்தக் கரை முழுக்க அதில்தான் கேட்கும்.

இதற்குள் முதலாளி வந்துவிட்டார். விஷயத்தைக் கேட்டார். நல்ல மனிதர்தான், ஆனால் கடை அவருடையது. "உபதேசியார்ட்ட சொல்லி அந்தோணிய மட்டும் கூப்பிட்டு நிறுத்துங்க டீச்சரே. மைக்கு வேண்டாம். மைக்குல போனா நாளைக்கு ஒருத்தன் நம்மகிட்ட வாங்க மாட்டான்."

அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. அந்தோணி நின்றுவிடுவான். ஆனால் மூன்று வாரமாக எத்தனையோ பேருக்குச் சக்கரம் அனுப்பியிருக்கிறோம். யாருக்குப் பெரியது வேண்டும், யாருக்குச் சின்னது போதும் என்று நம் பட்டியலில் இல்லை. எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். அத்தனை பேரும் என் படத்தைப் பார்த்து வாங்கியிருக்கிறார்கள். ஒவ்வொருவரையும் போனில் தேடிப்பிடிக்க நேரம் இல்லை, பாதிப்பேருடைய போன் வீட்டில் கிடக்கிறது.

இந்த வேலையை விட்டால் அந்த வயதில் எனக்கு வேறு வேலை கிடைக்காது என்பதும் அந்த நேரத்தில் நினைவு வந்தது, பொய் சொல்ல மாட்டேன். லில்லி தன் கையில் இருந்த கட்டைவிரல் நாணயத்தை என் மேசையில் வைத்தாள். நான் சூசையிடமிருந்து போனை வாங்கினேன்.

"உபதேசியாரே, போன மைக்குல வச்சுப் பிடிங்க. நானே சொல்லுதேன்."

முதலாளி எதிரில் நின்றார். தடுக்கவில்லை. நான் பேசினேன். தயார் செய்த பேச்சு இல்லை. "பாறசாலை என்ஜின் சாமான் கடைல இருந்து டீச்சர் பேசுதேன். மூணு வாரமா எங்க கடைப் படத்துல காசு இல்லாமப் போச்சு. எடுத்தது நான் ஆக்கும். சின்னச் சக்கரமும் பெரிய சக்கரமும் படத்துல ஒண்ணு போல தெரியுது. தப்பு எனக்க தப்பு. சக்கரம் வாங்கினவங்க யாரும் கழத்திப் பாக்காம எறங்காதீங்க. கிண்ணத்துல லூசா இருந்தா அது தப்பான சக்கரம். உங்க கைய நம்புங்க. எங்க படத்த நம்பாண்டாம்."

அதையே இரண்டு தடவை சொன்னேன். என் குரலே பெரிதாகித் திரும்பி வந்து போனில் கேட்டது. பிறகு உபதேசியார் போனைக் கையில் வைத்துக்கொண்டு கரைக்கு நடந்தார். அலைச் சத்தம் கேட்டது. ஆட்கள் ஒருவரையொருவர் கூப்பிடும் சத்தம், இரும்பு இரும்பில் படும் சத்தம். அவர் ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டு வந்தார். "மூணு வள்ளத்துல என்ஜினத் தூக்கி வச்சுக் கழத்துதாவ... இன்னா இங்க ஒருத்தன் கழத்துதான்... அந்தோணி கழத்துதான்."

சூசை கண்ணை மூடிக்கொண்டு நின்றார். அதன் பிறகு நேரம் நகரவில்லை. கடைசியில் போனில் வேறொரு குரல் வந்தது, இளைய குரல்.

"அண்ணா, லூசாத்தான் இருக்கு. மாட்டும்போதே தோணிச்சு. நீ வாங்கின கடைல்லா, சரியாத்தான் இருக்கும்னு விட்டுட்டேன்."

"எறங்காண்டாம் மக்கா" என்றார் சூசை. பிறகு போனை என்னிடம் தந்துவிட்டார். நான் அந்தோணியிடம் மன்னிப்புக் கேட்டேன். "சாரமில்ல டீச்சரே, போட்டும்" என்றான். "நாளைக்கு நல்ல சக்கரம் வருமா?"

மற்றக் கரைகளுக்கும் அதே மாதிரி சொன்னோம். அந்த வாரம் எத்தனை சக்கரம் திரும்பி வந்தது என்று நான் எண்ணவில்லை. முதலாளி கடையை மூடவும் இல்லை, என்னை அனுப்பவும் இல்லை. ஆனால் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை, அது சரிதான்.

இனி படங்களைத் திருத்த வேண்டும். அப்போதுதான் எனக்கு இன்னொரு இடி விழுந்தது. மூலப் படங்கள் இல்லை. நான்தான் நீக்கச் சொல்லியிருந்தேனே. கடையில் இருக்கும் ஒவ்வொரு பாகத்தையும் மறுபடி படம் எடுக்க வேண்டும் என்று தலையில் கை வைத்து உட்கார்ந்தேன். லில்லி தன் அலமாரியைத் திறந்து ஒரு பிஸ்கட் டின்னை எடுத்து வந்தாள். உள்ளே கேமராவின் மெமரி கார்டுகள், ஒவ்வொன்றிலும் ஒரு துண்டுக் காகிதம் ஒட்டி, எந்த வாரம் எந்தப் பாகம் என்று எழுதியிருந்தது.

"அழிச்சிரச் சொன்னேனே லில்லி?"

"கல்யாண ஆல்பத்துல ஒரு தடவ படத்த அழிச்சிட்டுப் பட்டவ நான். நீங்க அழிக்கச் சொன்னிய. எனக்கு மனசு வரல்ல."

எனக்குப் பாடம் சொன்னவர்களின் பெயரைக் கேட்டால் நான் பெரிய பட்டியல் தர மாட்டேன்: சூசை, லில்லி, அவ்வளவுதான். நிரலின் கணக்கைப் பார்த்து நான் பிரமித்ததைச் சொன்னேன். அந்த டின்னைப் பார்த்தபோது அதைவிடப் பிரமித்தேன். நான் அவளைக் கேலி செய்த மூன்று வாரமும் அவள் என் தப்புக்கு மருந்தைச் சேர்த்து வைத்திருக்கிறாள். ஒரு தடவைகூடச் சொல்லிக்காட்டவில்லை.

வெட்டும் வரிகளை நிரலிலிருந்து எடுத்தேன், மூலத்தை நீக்கும் வரியையும் எடுத்தேன். கார்டுகளை ஒவ்வொன்றாகப் போட்டோம். திரையில் படங்கள் ஓடின. ஒவ்வொன்றிலும் பொருள் கொஞ்சம் சிறிதாகி, சுற்றிலும் வெள்ளை திரும்பி வந்து, ஓரத்தில் அந்தக் கட்டைவிரல் வந்து நின்றது. முன்பு போலவே கனமில்லாத படங்கள். அந்த நாணயத்தைச் சேர்த்ததால் கோப்பின் எடை கூடியது எவ்வளவு என்று பார்த்தேன். சொன்னால் சிரிப்பீர்கள், அவ்வளவு குறைவு.

கண்ணுக்குத் தேவையில்லாததைத் தூக்கி எறிவதுதான் நம் தொழில். நன்றாகச் செய்யுங்கள். ஆனால் யாருடைய கண் என்று தெரிந்துகொண்டு செய்யுங்கள். நான் என் கண்ணை வைத்து முடிவு செய்தேன், அது பாறசாலையில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்திருந்த கண்.

நாணயத்தை எடுக்கட்டுமா என்று கேட்டவருக்கு: நான் பதில் சொல்ல மாட்டேன். வண்டியை எடுத்துக்கொண்டு பொழியூருக்குப் போய் அந்தோணியைக் கேளுங்கள். அவர் சொல்வார். மூன்று மணிக்கு முன்னால் போங்கள். அதற்குப் பிறகு அவர் கடலில் இருப்பார்.